செம்பாவின் தட்டில் பழம்

ஆமைக்குப் பழம் கொடுக்கலாமா? எங்கள் வீட்டில் ஆமை இருப்பது தெரிந்தவர்கள் முதலில் கேட்பது இதைத்தான். நான் திருப்பிக் கேட்பேன்: எந்த ஆமை? அதைக் கேட்காமலே யாராவது "தாராளமாகக் கொடுக்கலாம்" என்றோ "கூடவே கூடாது" என்றோ சொன்னால் நம்பாதீர்கள். நிலத்தில் வாழும் ஆமைகளில் மட்டும் 40-க்கு மேல் இனங்கள் இருக்கின்றன. பாலைவன ஓரத்தில் காய்ந்த புல்லை மேய்ந்தே காலம் தள்ளுவதும் அதில் உண்டு, மழைக்காட்டில் மரத்தடியில் உதிர்ந்து கிடக்கும் பழத்தைத் தேடிப் போய்த் தின்பதும் உண்டு. இரண்டுக்கும் ஒரே தட்டில் சாப்பாடு வைக்க முடியாது.

எங்கள் செம்பா இரண்டாவது வகை, செங்கால் ஆமை. கறுத்த ஓட்டில் ஒவ்வொரு சில்லுக்கும் நடுவே மங்கலான மஞ்சள் திட்டு, முன்னங்கால் செதில்களில் குங்குமம் தெளித்ததுபோல் சிவப்புப் புள்ளிகள். இந்த இனத்தின் சொந்த ஊர் தென் அமெரிக்கா. பனாமாவிலிருந்து வெனிசுவேலா, பிரேசில், பராகுவே என்று இறங்கி அர்ஜென்டினாவின் வடபகுதி வரை பரவியிருக்கிறது. செம்பா அங்கே பிறந்தவள் இல்லை, இங்கிலாந்திலேயே ஒரு வளர்ப்பாளர் வீட்டில் முட்டையிலிருந்து பொரித்தவள். வட லண்டனில் எட்மன்டன் பக்கம் எங்கள் வீட்டின் பின்னறை முழுக்க அவளுக்குத்தான். ஈரமண், சூட்டு விளக்கு, புற ஊதா விளக்கு என்று குளிர்காலத்திலும் அந்த அறை மட்டும் சித்திரை மாதத்து நாகர்கோவில் மாதிரி புழுக்கமாக இருக்கும்.

பிரேசிலின் வடக்கே, ரொராய்மா மாநிலத்தில் மராக்கா என்று ஓர் ஆற்றுத் தீவு இருக்கிறது. அங்கே செங்கால் ஆமைகளும் அவற்றின் நெருங்கிய சொந்தமான மஞ்சள்கால் ஆமைகளும் என்ன தின்கின்றன என்று பின்தொடர்ந்து பார்த்த ஆய்வு ஒன்று 1990-ல் வெளிவந்தது. மழைக்காலத்தில் அவற்றின் முக்கிய உணவு பழம். கோடையில் பழம் குறையும்போது பூக்கள். இடையில் இலை, தண்டு, காளான், செத்துக் கிடக்கும் பிராணி, பூச்சி என்று கிடைப்பதெல்லாம் போகும். செம்பாவுக்கு என்ன கொடுப்பது என்று நான் யோசிக்கும்போதெல்லாம் இந்தத் தீவுதான் என் மனதில் இருக்கும். பழம் அவளுக்கு நொறுக்குத்தீனி இல்லை, சாப்பாட்டின் ஒரு பகுதி. அதே சமயம், காட்டில் எந்த மரத்தடியிலும் சீப்புச் சீப்பாக வாழைப்பழம் தொங்கிக்கொண்டிருக்கவில்லை என்பதையும் மறக்கக் கூடாது. கடையில் நாம் வாங்கும் பழம் மனிதர் நாக்குக்காகத் தலைமுறை தலைமுறையாக இனிப்பேற்றி வளர்த்தது. காட்டுப் பழத்தில் நாரும் கொட்டையும் புளிப்புமே அதிகம்.

அந்தத் தீவில் இந்த ஆமைகள் விரும்பித் தின்னும் பழங்களில் ஒன்று மஞ்சள் நிறத்தில் பெரிய கொட்டையோடு, தோலும் சதையுமாய்ப் புளிக்கிற ஒரு பழம். கொட்டையையும் சேர்த்தே விழுங்கி, நடந்து போய் வேறிடத்தில் கழித்துவிடும், அங்கே அது முளைக்கும். ஆமைகள் இப்படிக் காட்டில் விதை பரப்புவதைப் பற்றியும் மராக்காவிலேயே ஆய்வு செய்திருக்கிறார்கள். அந்தப் பழம் நம்மவர்கள் அம்பரலங்காய் என்று ஊறுகாய் போடுவதன் ஒன்றுவிட்ட சொந்தம், இரண்டும் ஒரே பேரினம். இது தெரிந்த நாளிலிருந்து எங்கள் தெருமுனை யாழ்ப்பாணத்தார் கடையில் பழுத்த அம்பரலங்காய் வந்தால் விடுவதில்லை. கடைக்கார அண்ணனுக்கும் பழகிப்போய்விட்டது. "தங்கச்சி, பப்பாசி நல்ல பழமா வந்திருக்கு. வீட்டுக்கோ, ஆமைக்கோ?" என்பார். ஆமைக்கு என்றால் கொஞ்சம் தழும்பு விழுந்ததை விலை குறைத்துத் தருவார். தழும்பு பரவாயில்லை, பூஞ்சை இருந்தால் மட்டும் வாங்கமாட்டேன்.

இனி, பக்கத்து வீட்டுக் கதை. அங்கே இருக்கும் பெரியவர் சைப்ரஸ்காரர். அவரிடம் இருப்பது ஹெர்மன் ஆமை, மத்தியதரைக் கடல் நாடுகளைச் சேர்ந்தது. 1984-ல் ஐரோப்பிய அளவில் இறக்குமதியைத் தடைசெய்யும் முன் இந்த வகை ஆமைகள் கப்பல் கப்பலாக பிரிட்டனுக்கு வந்து இறங்கின. பாதிக்கு மேல் வழியிலோ வந்த கையோடோ செத்துப்போன வியாபாரம் என்று இங்கே வயதானவர்கள் வருத்தத்தோடு பேசுவார்கள். அவருடையது அந்தக் காலத்தில் தப்பிப் பிழைத்த ஒன்று. வேலிக்கு மேலே எட்டிப் பார்த்து, நான் செம்பாவுக்கு மாம்பழம் வைப்பதைக் கண்டு, "என் கிழவனுக்கும் ஒரு துண்டு கொடேன்" என்று கை நீட்டினார். மாட்டேன் என்றேன். மனிதர் முகம் சுருங்கிப்போனது. பிறகு வீட்டுக்குள் கூப்பிட்டு, தேநீர் போட்டுக் கொடுத்துக் காரணம் சொன்னேன்.

காரணம் குடலில் இருக்கிறது. ஹெர்மன், நம் ஊர் நட்சத்திர ஆமை, ஆப்பிரிக்காவின் பெரிய சல்காட்டா எல்லாம் புல்லும் களையும் தின்னும் பிராணிகள். பெருங்குடலில் வாழும் நுண்ணுயிரிகள்தான் அந்த நாரை நொதிக்கவைத்துச் சத்தாக மாற்றிக் கொடுக்கின்றன. மெதுவாக நடக்கிற வேலை. அங்கே திடீரென்று சர்க்கரை போய் இறங்கினால் நொதிப்பு வேகம் பிடித்து அமிலம் கூடும், நல்ல நுண்ணுயிரிகள் நிலைகுலையும், கெட்டவை பெருகும். பேதி, வாயு, ஏற்கெனவே குடலில் இருந்த ஒட்டுண்ணிகளின் பெருக்கம் என்று ஒன்றன்பின் ஒன்றாக வரும். ஹெர்மன் ஆமை குளிர்காலம் முழுக்கச் சாப்பிடாமல் உறங்கும் இனம் என்பதால், உறக்கத்துக்கு முன் வயிற்றில் பழம் தங்கினால் ஆபத்து இன்னும் அதிகம். உடல் குளிர்ந்துவிட்டால் செரிமானம் நின்றுவிடும், உள்ளே இருப்பது அழுகத் தொடங்கும். செங்கால் ஆமை அப்படி உறங்குவதில்லை. அதன் குடல் இலையையும் பழத்தையும் மாற்றி மாற்றிச் சமாளிக்கப் பழகியது.

பெரியவர் அமைதியாகக் கேட்டுவிட்டு, "அப்படியானால் என் கிழவனுக்கு என்னதான் விருந்து?" என்றார். அவருடைய புல்வெளியைத்தான் காட்டினேன். டேன்டேலியன் என்ற களைச்செடி மஞ்சள் மஞ்சளாகப் பூத்துக் கிடந்தது. 18-ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் செல்போர்ன் கிராமத்தில் வாழ்ந்த கில்பர்ட் வைட் என்ற பாதிரியார், தான் வளர்த்த மத்தியதரைக் கடல் ஆமையைப் பற்றிக் குறித்து வைத்திருக்கிறார். லெட்யூஸ், டேன்டேலியன் மாதிரி கிள்ளினால் பால் வடிகிற செடிகள்தான் அதற்குப் பிரியமாம். வெயில் காயப் பழத்தோட்டச் சுவரோரம் போய்க் கிடக்குமாம். பெரியவருக்கு இந்தச் செய்தி ரொம்பப் பிடித்துவிட்டது. இப்போது புல்வெட்டும் இயந்திரத்தை ஓட்டும் முன் ஒரு மூலையை அப்படியே விட்டுவிடுகிறார்.

சரி, செம்பாவுக்குப் பழம் உண்டு என்று முடிவானபின் எந்தப் பழம் என்பது அடுத்த கேள்வி. நான் முதலில் பார்ப்பது இனிப்பை அல்ல, சுண்ணாம்புச் சத்தை. பாஸ்பரஸைவிடக் கால்சியம் கூடுதலாக இருக்கவேண்டும். பாஸ்பரஸ் மிஞ்சினால் குடலில் கால்சியம் சேர்வது தடைபடும். உடம்பு அதை எலும்பிலிருந்தும் ஓட்டிலிருந்தும் உருவிக்கொள்ளும், ஓடு மெத்தென்று ஆகிவிடும். 100 கிராம் பப்பாளியில் சுமார் 20 மில்லிகிராம் கால்சியம், 10 மில்லிகிராம் பாஸ்பரஸ். உலர்த்தாத அத்திப்பழத்தில் 35-க்கு 14. சப்பாத்திக்கள்ளிப் பழத்தில் 56-க்கு 24. இந்த மூன்றும்தான் என் முதல் வரிசை. மாம்பழத்தில் இரண்டும் ஏறக்குறைய சமம் என்பதால் அது இரண்டாம் வரிசை. வாழைப்பழத்தில் கால்சியம் 5, பாஸ்பரஸ் 22. திராட்சையில் 10-க்கு 20. கொய்யாவிலும் பாஸ்பரஸ்தான் இரு மடங்கு, நமக்கு அவ்வளவு நல்ல பழம் அவளுக்கு அவ்வளவு நல்லதில்லை. தர்பூசணி வெறும் தண்ணீரும் சர்க்கரையும், கோடையில் ஒரு வாய் போதும்.

தினப்படித் தட்டு என்றால் பாதிக்கு மேல் இலையும் பூவும்தான். தோட்டத்து டேன்டேலியன், மல்பெரி இலை, நாங்களே மருந்தடிக்காமல் வளர்க்கும் செம்பருத்தி, ரோஜா இதழ். பூக்கடைப் பூ வேண்டவே வேண்டாம், என்னென்ன தெளித்திருப்பார்களோ. யாழ்ப்பாணத்தார் கடை முருங்கைக்கீரை அவ்வப்போது. பழம் தினமும் கிடையாது, ஒருநாள் விட்டு ஒருநாள், தட்டில் கால் பங்குக்கு மேல் போகாமல். எங்கள் வீடு சைவம், ஆனாலும் அவளுக்கு அவ்வப்போது அவித்த முட்டையில் ஒரு சிறு துண்டு உண்டு. அவள் இனத்துக்கு அது தேவை, நம் நோன்பை அவள் மேல் சுமத்த முடியாது. மழை பெய்த மறுநாள் தோட்டத்தில் விட்டால் மண்புழுவை அவளே பார்த்துக்கொள்வாள். ஒரு கணவாய் ஓடு எப்போதும் அறை மூலையில் கிடக்கும், சுண்ணாம்பு தேவைப்படும்போது கடித்துக்கொள்ள. புற ஊதா விளக்கு இல்லையென்றால் இந்தக் கால்சியக் கணக்கெல்லாம் வீண். வெளிச்சம் பட்டுத் தோலில் வைட்டமின் டி3 உருவானால்தான் தின்ற சுண்ணாம்பு உடம்பில் சேரும்.

அவள் பப்பாளி தின்பதைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்க்கவேண்டும். முதலில் கழுத்தை நீட்டி மூக்கால் தொடுவாள். தொண்டை ஏறி இறங்கும், மணம் பிடிக்கிறாள் என்று அர்த்தம். அப்புறம் வாயைத் திறக்கும்போது தடித்த இளஞ்சிவப்பு நாக்கு முன்னே வரும். பல் கிடையாது, அலகின் கூரான விளிம்புதான் கத்தி. கவ்வியதும் முன்னங்காலால் பழத்தை மண்ணோடு அழுத்திக்கொண்டு தலையைப் பின்னுக்கு இழுப்பாள், ஒரு துண்டு பிய்ந்து வரும். சாறு மோவாயில் வழிந்து செதில் இடுக்கில் போய் நிற்கும். அதனால்தான் முடித்தபின் வெதுவெதுப்பான தண்ணீரில் நிற்கவைத்து முகத்தையும் காலையும் கழுவிவிடுவது. விட்டால் பழ ஈ மொய்க்கும், தோல் புண்ணாகும். பழத்தைப் பொடிப்பொடியாக நறுக்கி வைப்பவர்கள் உண்டு. நான் தோலோடு பெரிய கீற்றாகத்தான் வைப்பேன். இழுத்துப் பிய்க்கும் வேலை அலகைத் தேய்த்து அளவாக வைக்கும். அவளுக்கும் பொழுது போகும்.

ருசி கண்டுவிட்டால் மறக்கமாட்டாள் என்பது வீட்டில் எல்லோருக்கும் தெரியும். இங்கிலாந்தின் லிங்கன் பல்கலைக்கழகத்தில் இதை முறையாகவே சோதித்திருக்கிறார்கள். எந்த அடையாளத்துக்குப் பின்னால் கூடுதல் தீனி, எதற்குப் பின்னால் ருசியான தீனி என்று செங்கால் ஆமைகளுக்குப் பழக்கிவிட்டு, 18 மாதம் இடைவெளி விட்டுத் திரும்பக் காட்டினார்கள். அவை சரியாக நினைவில் வைத்திருந்தன. 2017-ல் வெளிவந்த ஆய்வு இது. ஆகவே வாழைப்பழத்தைப் பற்றி என் மகளிடம் கறாராகச் சொல்லிவைத்திருக்கிறேன்: குடற்புழு மருந்து கொடுக்கவேண்டிய நாளில் மருந்தை உள்ளே வைத்துக் கொடுக்க மட்டும்தான் வாழைப்பழம். தினமும் கொடுத்துப் பழக்கிவிட்டால் கீரையைத் தொடாமல் தட்டின் முன்னால் உட்கார்ந்து காத்திருக்கும் ஆமையாகிவிடுவாள். அப்படிக் கீரையை ஒதுக்கிப் பழகிய ஆமையைத் திருப்பிக் கொண்டுவருவது பெரும்பாடு.

அவகாடோ பக்கமே போவதில்லை. அதிலுள்ள பெர்சின் என்ற பொருள் பறவைகளுக்கும் கால்நடைகளுக்கும் நஞ்சு, ஆமையிடம் சோதித்துப் பார்க்க எனக்கு மனமில்லை. ஆப்பிள் விதையையும் பீச், பிளம் கொட்டைகளையும் எடுத்துவிடுவேன், சயனைடு உண்டாக்கும் பொருள் அவற்றில் இருக்கிறது. உலர்பழம், சர்க்கரைப் பாகில் ஊறிய டப்பாப் பழம் எதுவும் வீட்டுக்குள் அவளுக்காக வராது.

அளவு சரியா என்பதை எச்சம் சொல்லிவிடும். கெட்டியாக, நார் தெரிய, ஒரு வடிவத்தோடு இருந்தால் சரி. தளர்ந்து போனாலோ புளித்த வாடை வந்தாலோ பழத்தை நிறுத்திவிட்டு இலையும் புல்லும் மட்டும் தருவேன். இரண்டொரு நாளில் சரியாகாவிட்டால் ஊர்வன பார்க்கத் தெரிந்த கால்நடை மருத்துவரிடம் எச்சத்தோடு போய்விடுவேன். நாய், பூனை மட்டும் பார்ப்பவரிடம் போய்ப் பயனில்லை.

ஊரிலிருந்தும் கேட்கிறார்கள். அத்தை வீட்டுப் பக்கம் யாரோ நட்சத்திர ஆமை வைத்திருக்கிறார்களாம், அதிர்ஷ்டமாம், தக்காளியும் வாழைப்பழமும் போடுகிறார்களாம். நான் சொன்னது இதுதான்: அத்தை, பழம் பற்றிய பேச்சே அங்கே வேண்டாம். அது நம் பொட்டல் காட்டுப் பிராணி. 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி வீட்டில் வைப்பதே குற்றம். 2019-ல் உலக அளவிலும் அதன் வணிகத்துக்குத் தடை வந்துவிட்டது, அவ்வளவு பிடித்துக் கடத்துகிறார்கள். அவர்களாகவே காட்டில் கொண்டுபோய் விடவும் வேண்டாம், நோயைப் பரப்பிவிடலாம். வனத்துறைக்கு ஒரு போன் போட்டு ஒப்படைக்கச் சொல்லுங்கள். அத்தை பேசிப் பார்க்கிறேன் என்றிருக்கிறார். அடுத்த வாரம் நானும் அந்த வீட்டாரிடம் நேரடியாகப் பேசப் போகிறேன்.

கடைசியாக, இங்கே குளிர்காலத்தில் செங்கால் ஆமை வளர்க்கும் நம்மவர்களுக்கு. பப்பாளியும் அத்தியும் மலிவாகக் கிடைக்கும்போது வாங்கி, கீற்றாக நறுக்கி, ஒட்டாமல் தனித்தனியே பரப்பி உறைபெட்டியில் வையுங்கள். எடுத்தவுடன் கொடுக்காதீர்கள். முந்தின இரவே வெளியே எடுத்து, அறைச் சூட்டுக்கு வந்தபின் வையுங்கள். சில்லென்ற பழம் வயிற்றுக்குள் போனால் செரிமானம் மந்தமாகிவிடும். விளக்கு பழுதாகி அறை குளிர்ந்திருக்கும் நாளில் பழமே வேண்டாம், சூடு திரும்பியபின் பார்த்துக்கொள்ளலாம்.