தள்ளுபடி என்ற சொல்

2017-இல் ஒரு தாலுகா கோர்ட்டில் ஜூனியராக இருந்தேன். சீட்டுப் பணம் பறிகொடுத்த ஒரு அம்மா வந்தார். ஸ்டேஷனில் புகாரை வாங்கி வைத்ததோடு சரி, எஃப்.ஐ.ஆர். போடவில்லை. மூன்று மாதம் அலைந்திருக்கிறார். சீனியர் கேஸ் கட்டை என் பக்கம் தள்ளி, "156(3)-ல ஒரு மனு போட்டுடு" என்றார். போலீஸை விசாரிக்கச் சொல்லி மாஜிஸ்திரேட் உத்தரவிட, அப்போதைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இருந்த பிரிவு அது.

ராத்திரி உட்கார்ந்து பதினோரு பக்கம் எழுதினேன். எந்தத் தேதியில் எவ்வளவு கட்டினார் என்பதெல்லாம் பைசா சுத்தமாக இருந்தது. மாஜிஸ்திரேட் அதில் தேடியது ஒன்றைத்தான். "எஸ்.பி.க்கு அனுப்பின தபால் ரசீது எங்கே?"

அனுப்பவே இல்லை. மனு தள்ளுபடி.

ஸ்டேஷன் கைவிட்டால் அதே சட்டத்தின் 154(3)-இன்படி எஸ்.பி.க்குத் தபாலில் எழுத வேண்டும். அதற்கும் பதில் இல்லையென்றால்தான் கோர்ட். பிரியங்கா ஸ்ரீவஸ்தவா வழக்கில் உச்ச நீதிமன்றம் 2015-இலேயே இதை அழுத்திச் சொல்லிவிட்டது. கூடவே மனுதாரரின் அபிடவிட்டும், அதாவது சத்தியம் செய்து கையெழுத்திட்ட வாக்குமூலமும், வேண்டும் என்றது. நான் அபிடவிட் வைத்திருந்தேன், அதிலேயே நிறைவடைந்துவிட்டேன். நாற்பது ரூபாய்கூட ஆகாத ஒரு தபால்!

அந்தத் தீர்ப்பை அப்புறம்தான் முழுசாகப் படித்தேன். வீட்டுக் கடனைத் திருப்பிக் கட்டாத ஒருவர், வசூல் நடவடிக்கை எடுத்த அதிகாரிகள் மேல் அடுத்தடுத்து கிரிமினல் புகார் கொடுத்த கதை அது. அபிடவிட் எதற்கு என்று அப்போது புரிந்தது. பொய் சொன்னால் மனுதாரர் மேலேயே வழக்கு வரும் என்ற பயம் இருக்க வேண்டும். நியாயம்தான். ஆனால் அந்தப் பூட்டு அதிகாரியைத் துரத்தியவருக்காகப் போட்டது. மாட்டிக்கொண்டவர் எங்களிடம் வந்த அந்த அம்மா. அதற்குக் கோர்ட்டைக் குறை சொல்ல மாட்டேன், சாவி என் கையில்தான் இருந்தது.

அந்த அம்மாவிடம் சொல்வதுதான் பெரும்பாடாக இருந்தது. கடன் தள்ளுபடி என்றால் சந்தோஷம், ஆடித் தள்ளுபடி என்றால் கூட்டம். மனு தள்ளுபடி என்றால் மட்டும், ஊர்க்காரர்கள் காதில் 'பொய்க் கேஸ்' என்றுதான் விழும். சீட்டுப் பிடித்தவர் அப்படித்தான் தெரு முழுக்கச் சொல்லியிருக்கிறார். "நான் பொய் சொன்னேன்னு ஜட்ஜய்யா எழுதிட்டாரா தம்பி?" என்று கேட்டார். "இல்லம்மா, உங்க விஷயத்துக்குள்ளேயே அவர் போகல. தப்பு என் மேல" என்றேன். சீனியர் ஃபேனைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

எஸ்.பி.க்குப் பதிவுத் தபால் போட்டுக் காத்திருந்து, புது மனு தாக்கல் செய்தோம். இந்த முறை விசாரிக்க உத்தரவு வந்தது. 2024 ஜூலையில் வந்த புதுச் சட்டத்தில் எண்கள் 173(4), 175(3) என்று மாறிவிட்டன. எஸ்.பி.க்கு எழுதுவதும் அபிடவிட்டும் இப்போது பிரிவுக்குள்ளேயே வந்துவிட்டன. என் ஜூனியர்கள் வரைவு மனுவை நீட்டினால் கடைசிப் பக்கத்திலிருந்துதான் புரட்டுகிறேன், ரசீது அங்கேதான் இருக்கும்.

அந்த அம்மா அதற்கப்புறம் வாய்தாவுக்கு வரும்போதெல்லாம் தபால் ஒப்புகை அட்டையை ரேஷன் கார்டோடு சேர்த்து பிளாஸ்டிக் பையில் எடுத்து வருவார். யாரும் கேட்காவிட்டாலும் ஒருமுறை எடுத்துக் காட்டுவார்.