அக்காவா, மிஸ்ஸா? ஒரு 1930 படத்துக்குத் தமிழ் சப்டைட்டில் போட்ட கதை

முதல் சனி. அக்கா மகள், அதாவது என் மருமகள், மூணாவது படிக்கிறாள். அவளுக்காகத்தான் இந்த வேலையில் இறங்கினேன். படம் 'டீச்சர்ஸ் பெட்', சின்னப் பசங்களை வைத்து ஹால் ரோச் தயாரித்த 'அவர் கேங்' (Our Gang) என்ற சிரிப்புக் குறும்பட வரிசையில் 1930 அக்டோபரில் வந்தது. மொத்தமே இருபது நிமிஷம்தான். 1930ல் வெளியான படங்களுக்கு அமெரிக்கக் காப்புரிமை 2026 ஜனவரி 1ல் முடிந்துவிட்டதால் மனசில் உறுத்தல் இல்லை.

கதை இதுதான். பள்ளிக்குப் புது டீச்சர் வருகிறார், பெயர் மிஸ் கிராப்ட்ரீ. ஆங்கிலத்தில் 'கிராப்' என்றால் சிடுமூஞ்சி என்றும் பொருள். பெயரை வைத்தே யாரோ சிடுசிடு கிழவி என்று பசங்க முடிவு கட்டி, வெள்ளெலி, எறும்பு, தும்மல் பொடி என்று தயாராகிறார்கள். வழியில் ஓர் அழகான பெண், பசங்களில் ஒருவனான ஜாக்கியை காரில் ஏற்றிக்கொள்கிறாள். அவளிடமே இவன் திட்டம் முழுக்க உளறிக்கொட்டுகிறான். அவள்தான் மிஸ் கிராப்ட்ரீ.

முதல் நாள் நாற்பது வரி முடிந்தது. எளிதாகத்தான் இருந்தது, அதற்குக் காரணம் உண்டு. இந்த வரிசை 1922ல் மௌனப் படமாகத் தொடங்கியது. அப்போதெல்லாம் இயக்குநர் ராபர்ட் மெக்கோவன் கேமரா பக்கத்தில் நின்று "அழு", "ஓடு" என்று குரல் கொடுத்தால் போதும். 1929ல் 'ஸ்மால் டாக்' படத்தோடு பேச்சு வந்ததும் அவர் வாயை மூட வேண்டியதாயிற்று, பிள்ளைகள் வசனத்தை மனப்பாடம் பண்ண வேண்டியதாயிற்று. அதனால் ஒரு குழந்தை பேசி முடித்து அடுத்தது தொடங்குவதற்குள் ஒரு சின்ன இடைவெளி. படமாகப் பார்க்கும்போது கொஞ்சம் இழுவைதான், சப்டைட்டில் போடுபவனுக்கு வரப்பிரசாதம்.

ஞாயிறு. தும்மல் பொடியை 'மூக்குப்பொடி' என்று எழுதி ரொம்பப் பெருமைப்பட்டேன். மருமகள் "அப்படின்னா என்ன?" என்றாள். பழையபடி தும்மல் பொடியே. சிவப்பு எறும்பை மட்டும் 'சுள்ளெறும்பு' ஆக்கினேன், அது அவளைக் கடித்திருக்கிறது.

அடுத்த சனி. கார் காட்சியில் மாட்டிக்கொண்டேன். அரைப் பக்க வசனம், முழு நாளும் போயிற்று.

ஆங்கிலத்தில் ஜாக்கிக்கு 'யூ' ஒன்று போதும். தமிழில் வாயைத் திறந்ததுமே எதிரில் இருப்பவர் யார் என்று சொல்லியாக வேண்டும். முதலில் 'மேடம்' போட்டேன், வங்கிக்கு வந்தவன் மாதிரி இருந்தது. 'ஆன்ட்டி' போட்டால் அவள் அழகில் அவன் மயங்குவதே அடிபட்டுப்போகும். கடைசியில் 'அக்கா'. அவள் அவனை 'தம்பி' என்கிறாள். "அந்தக் கிழவி வரட்டும்க்கா, அவ நாற்காலியில சுள்ளெறும்பை விடப்போறேன்" என்று எழுதியதும் எனக்கே சிரிப்பு வந்தது. ஒரே வாக்கியத்தில் இவளுக்கு 'அக்கா', இவளுக்கே 'அவ'. மூலத்தில் இல்லாத வேடிக்கை இது, தமிழ் சும்மாவே கொடுத்தது.

வகுப்பறையில் இன்னொரு அதிர்ஷ்டம். நம் பிள்ளைகளும் டீச்சரை 'மிஸ்' என்றுதான் கூப்பிடுகிறார்கள். அதனால் காரில் 'அக்கா'வாக இருந்தவள் கரும்பலகைக்கு முன்னால் 'மிஸ்' ஆகிறாள். திரையில் ஜாக்கி முகம் வெளிறுவதற்கும் கீழே அந்தச் சொல் மாறுவதற்கும் நேரம் பொருந்த மூன்று தடவை நகர்த்தினேன்.

ஞாயிறு. டிவியில் போட்டுப் பார்த்தேன். ஒரே கேள்விக்குறி! தமிழ் எழுத்தையும் தாங்கும் யூடிஎஃப்-8 குறியீட்டில் கோப்பைச் சேமிக்காதது என் தப்பு. சரிசெய்தால் 'கெ'யின் கொம்பு தனியாகக் கழன்று புள்ளிவட்டத்தைச் சுமந்துகொண்டு நிற்கிறது. அந்த டிவிக்குத் தமிழ் சரியாக வராது போல. எழுத்தைப் படத்திலேயே பதித்துவிட்டேன். அதோடு, நான் நேரம் குறித்தது நொடிக்கு 24 பிரேம் பிரதி, பதித்தது 25 பிரேம் பிரதி. இருபது நிமிஷத்தில் 48 நொடி விலகல். ஐஸ்கிரீம் சாப்பிடும் இடத்துக்கு வசனமே பின்தங்கி வந்து சேர்ந்தது. மறுபடி பதித்தேன்.

மூன்றாவது சனி. கடைசி வரி. வெட்கத்தில் வெளியே ஓடிப்போய் உட்கார்ந்திருக்கும் ஜாக்கிக்கு மிஸ் ஐஸ்கிரீமும் கேக்கும் கொண்டுவருகிறாள். கண்ணீர் வழிய வழியத் தின்றுகொண்டே, பழைய டீச்சர் மெக்கில்லிகடியைவிட நீங்கள் அழகு என்கிறான். ஜாக்கி கூப்பருக்குப் படம் வந்தபோது எட்டு வயசு. அடுத்த வருஷம் வந்த 'ஸ்கிப்பி'க்காகச் சிறந்த நடிகர் ஆஸ்கருக்கே பரிந்துரைக்கப்பட்ட பையன், இங்கேயே அது தெரிகிறது. வாயில் கேக் இருக்கும்போது மூக்கை உறிஞ்சுகிறானே, அதை எந்த எழுத்தில் போடுவது? போடவில்லை.

'அடேயப்பா' என்று தொடங்கி எழுதினேன், நாடகத்தனமாக இருந்தது. அடித்துவிட்டேன். "நீங்க ரொம்ப அழகு மிஸ்... மெக்கில்லிகடி மிஸ்ஸைவிட." அவ்வளவுதான். இங்கே 'அக்கா' திரும்ப வரலாமா என்று ஒரு மணி நேரம் யோசித்தேன். மருமகளைக் கேட்டேன். "ஸ்கூல்ல போய் யாராவது மிஸ்ஸை அக்கான்னு சொல்லுவாங்களா மாமா?" முடிந்தது விவாதம்.

மொத்தம் 214 வரி, மூன்று வார இறுதி.

அடுத்து அதே ஆண்டு நவம்பரில் வந்த 'ஸ்கூல்ஸ் அவுட்'. அதில் மிஸ்ஸோடு கூடப்பிறந்தவனை, அவளைக் கல்யாணம் பண்ண வந்தவன் என்று பசங்க தப்பாக நினைத்து, அவளுக்குப் பொய்ப்பல், மரக்கால் என்றெல்லாம் கதை கட்டி விரட்டப் பார்க்கிறார்கள். அந்த ஆளை இவர்கள் எப்படிக் கூப்பிடுவது? 'சார்' என்று எழுதி வைத்திருக்கிறேன். மருமகள் 'அங்கிள்' என்கிறாள்.