காட்டில் மூன்று இரவு: தனித்திருக்கப் போகிறவர்களுக்கு

காட்டுக்குள் தனியாகப் போய் உட்கார்ந்தால் மனம் தானே அடங்கிவிடும் என்று நம்பிப் பலர் புறப்படுகிறார்கள். முதல் இரவே ஈரத் துணியோடு குளிரில் நடுங்கி, கண் மூடாமல் விடியலைப் பார்த்துவிட்டுத் திரும்பியும் விடுகிறார்கள். குளிரும் தாகமும் குதிகால் கொப்புளமும் இருக்கும்போது மனம் அவற்றைத் தவிர வேறெதையும் பார்க்காது. ஆகவே இந்தப் பயணத்தின் ஆன்மிகத் தயாரிப்பில் பெரும்பகுதி உடலுக்கான தயாரிப்புதான். உடலின் தேவைகளை முன்கூட்டியே தீர்த்து வைத்தவருக்கே அங்கே உட்கார நேரம் கிடைக்கிறது.

இங்கே சொல்வது ஒரு குறிப்பிட்ட வகைப் பயணம்: ஒரு பகல் நடந்து உள்ளே போவது, மூன்று இரவு ஒரே இடத்தில் தனித்திருப்பது, ஒரு பகல் நடந்து வெளியே வருவது. நாள்தோறும் இடம் மாறும் நெடும்பயணத்தில் கண்ணும் காலும் எப்போதும் வேலையாகவே இருக்கும். அதிலும் மகிழ்ச்சி உண்டு. ஆனால் உள்ளே பார்க்க விரும்புகிறவருக்கு ஏழு நாள் நடையைவிட மூன்று இரவு அசையாமல் இருப்பது அதிகம் தரும். மூன்றுக்குக் குறைந்தால் போதாது. முதல் இரவு பயத்திலும் இரண்டாம் பகல் சலிப்பிலும் போய்விடும்.

உள்ளே போகும் நடையைக் குறைத்தே திட்டமிடுங்கள். ஸ்காட்லாந்து மலையேறி வில்லியம் நைஸ்மித் 1892இல் சொன்ன கணக்கு இன்றும் பயன்படுகிறது: 5 கிலோமீட்டருக்கு ஒரு மணி நேரம், ஏற்றத்தில் ஒவ்வொரு 600 மீட்டருக்கும் இன்னொரு மணி நேரம். 12 கிலோமீட்டர் தூரமும் 600 மீட்டர் ஏற்றமும் என்றால் மூன்றரை மணி நேரம் வருகிறது. சுமையோடு நடப்பவர் இதை ஒன்றரையால் பெருக்க வேண்டும், அதாவது ஐந்து மணி நேரத்துக்கு மேல். மதியம் இரண்டு மணிக்குள் இடம் சேர வேண்டும். இருட்டும் நேரத்தில் அவசரமாகத் தேர்ந்த இடம் மூன்று இரவும் தொல்லை தரும். முதுகுப்பை உங்கள் உடல் எடையில் ஐந்தில் ஒரு பங்கைத் தாண்டாமல் இருக்கட்டும். குதிகாலில் லேசான எரிச்சல் தெரிந்த நொடியே நின்று, ஷூவைக் கழற்றி, காலைத் துடைத்து, பிளாஸ்திரி ஒட்டுங்கள். கொப்புளம் எழும்பிய பிறகு ஒட்டுவது பாதி வைத்தியம்தான்.

இடத்தைத் தேர்வதில் ஒரு மணி நேரம் செலவழித்தாலும் தகும். முதலில் தலைக்கு மேலே பாருங்கள். பட்டுப்போன கிளை தொங்கினால் அங்கே படுக்கக் கூடாது. வறண்ட ஓடைப் படுகை தட்டையாக, மணல் மெத்தையாக அழைக்கும். மலை உச்சியில் பெய்யும் மழை, நீங்கள் இருக்கும் இடத்தில் ஒரு துளி விழாமலே, அந்தப் படுகையை நிரப்பிவிடும். பள்ளத்தாக்கின் அடித்தளத்தையும் தவிருங்கள். குளிர்ந்த காற்று கனமானது, இரவில் சரிவில் வழிந்து அங்கேதான் தேங்கும். சரிவில் சற்று மேலே ஏறினாலே இரவு தெரிகிற அளவுக்கு வெதுவெதுப்பாகும். விலங்குத் தடத்திலிருந்து விலகியும் நீர்நிலையிலிருந்து குறைந்தது 60 மீட்டர் தள்ளியும் கூடாரம் அடிக்கவும். மலம் கழிக்கும் குழிக்கும் அதே 60 மீட்டர்தான், ஆழம் 15 முதல் 20 சென்டிமீட்டர். கூடாரத்திலிருந்து அந்த இடம்வரை ஒரு வெள்ளைக் கயிற்றைக் கட்டிவிடுங்கள். நள்ளிரவில் அரைத் தூக்கத்தில் எழுந்து திசை தவறுவது நினைப்பதைவிட எளிது.

குளிரைப் பொறுத்தவரை, ஸ்லீப்பிங் பேக்கைவிட அடியில் விரிக்கும் பாய்க்கே பலர் குறைவாகச் செலவிடுகிறார்கள். தவறு அங்கேதான் தொடங்குகிறது. உடல் எடையில் நசுங்கிய பையின் அடிப்பாகம் வெப்பத்தைத் தடுக்காது. தரை வெப்பத்தை உறிஞ்சிக்கொண்டே இருக்கும். பையின் மேல் அச்சிட்டிருக்கும் வெப்பநிலைகளில் ‘கம்ஃபர்ட்’ எண்ணை மட்டும் பாருங்கள். ‘லிமிட்’ என்பது சுருண்டு கிடந்து ஒருவாறு தாக்குப்பிடிக்கும் அளவு. ஒவ்வொரு 1000 மீட்டர் உயரத்துக்கும் ஏறத்தாழ 6.5 டிகிரி குறையும் என்பதையும் கணக்கில் கொள்ளுங்கள். ஒரு செட் உலர்ந்த துணி தூங்குவதற்கென்றே தனியாக, நீர் புகாத உறைக்குள் இருக்கட்டும். பகலில் எவ்வளவு நனைந்தாலும் அதைத் தொடாதீர்கள். சொல் குழறுவது, விரல் பட்டனைப் போட முடியாமல் தடுமாறுவது, நடையில் தள்ளாட்டம் ஆகியவை உடல் வெப்பம் ஆபத்தாகக் குறைவதன் அறிகுறிகள். தனியாக இருப்பவருக்கு இதைச் சொல்ல ஆள் இல்லை. அதனால் நடுக்கம் தொடங்கியதுமே உலர்ந்த துணிக்கு மாறி, எதையாவது சாப்பிட்டு, பைக்குள் போய்விட வேண்டும்.

தண்ணீரை நன்றாகக் கொதித்த பின் ஒரு நிமிடம் கொதிக்க விடுங்கள், 2000 மீட்டருக்கு மேலே மூன்று நிமிடம். உணவை ஒருபோதும் கூடாரத்துக்குள் வைக்காதீர்கள். சமையலும் உணவுப் பையும் 100 மீட்டராவது தள்ளியிருக்கட்டும். உபவாசம் இருக்க விரும்புகிறவர்கள் உண்டு. முதல் முறை போகிறவருக்கு அது வேண்டாம் என்பதே என் கருத்து. உணவில்லாத உடலுக்குக் குளிர் தாங்காது, எழுந்து நிற்கும்போது தலை சுற்றும், பாறைச் சரிவில் அந்த ஒரு நொடி போதும் விழுவதற்கு. நீரிழிவு உள்ளவரும் தினசரி மருந்து எடுப்பவரும் உபவாசத்தை நினைக்கவே கூடாது. மருந்தை ‘மூன்று நாள் தானே’ என்று நிறுத்தவும் கூடாது. அண்மையில் பெரிய இழப்பைச் சந்தித்தவர், மனநோய்க்குச் சிகிச்சையில் இருப்பவர், தன் மருத்துவரைக் கேட்காமல் இந்தத் தனிமைக்குள் போக வேண்டாம்.

பாதுகாப்புக்கு மிக நல்ல முறை கல் வைப்பது. இருவர் சேர்ந்து போய், ஒருவரையொருவர் காண முடியாத தொலைவில் தனித்தனியே தங்குகிறார்கள். நடுவில் ஒரு பாறை. ஒருவர் காலை ஒன்பது மணிக்கு வந்து அதன்மேல் கல் வைப்பார். மற்றவர் மாலை நான்கு மணிக்கு வந்து, அந்தக் கல்லைப் பார்த்துவிட்டுத் தன் கல்லை வைப்பார். சந்திப்பும் இல்லை, பேச்சும் இல்லை. ஆனால் கல் இல்லாவிட்டால் உடனே மற்றவரின் இடத்துக்குப் போயாக வேண்டும். அதனால் முதல் நாளே இருவரும் இரண்டு இடங்களையும் சேர்ந்து பார்த்துக்கொள்ள வேண்டும், பிறகு இடம் மாற்றக் கூடாது. சொல்லாமல் இடம் மாறுவதாலும், கல் வைக்க மறப்பதாலும்தான் இந்த முறை கெடுகிறது. வெளியே இருக்கும் ஒருவரிடமும் வழி, தங்குமிடம், கூடாரத்தின் நிறம், திரும்பும் நேரம், எத்தனை மணிக்குப் பிறகு மீட்புக் குழுவை அழைக்க வேண்டும் என்பதெல்லாம் தாளில் எழுதிக் கொடுங்கள். யானை, கரடி, புலி நடமாடும் காட்டில் தனித்திருப்பது கூடாது. வனத்துறை அனுமதி தராத இடத்திலும் கூடாது.

இனி இரவு. முதல் இரவில் காது பெரிதாகிவிடும். சருகில் ஓடும் எலி கரடிபோல் ஒலிக்கும். இதற்குக் காரணமும் உண்டு. இரவில் தரையை ஒட்டிய காற்று குளிர்ந்து, மேலே உள்ளது வெதுவெதுப்பாக இருப்பதால், மேல்நோக்கிப் போக வேண்டிய ஒலி வளைந்து கீழே இறங்குகிறது. தொலைவில் உள்ளது அருகில் கேட்கிறது. டார்ச்சை அடித்தபடியே இருந்தால் பயம் கூடும். கண் இருட்டுக்குப் பழக இருபது முப்பது நிமிடம் ஆகும், ஒரு வெள்ளை ஒளி அதை அழித்துவிடும். சிவப்பு விளக்குள்ள ஹெட்லேம்ப் வாங்குங்கள். தீ மூட்டாமல் இருப்பது நல்லது. காட்டுத்தீ அபாயம் ஒருபுறமிருக்க, தீயின் அருகே அமர்ந்தவருக்கு அதன் வட்டத்துக்கு வெளியே உள்ள காடு முழுவதும் கருஞ்சுவராகிவிடும்.

பயத்தோடு என்ன செய்வது என்பதற்குப் பாலி மொழிப் பௌத்த மரபில் புத்தர் சொன்னதாக ஒரு வழி உண்டு. ஞானம் பெறுமுன் அச்சமூட்டும் காடுகளில் அவர் இரவு தங்கினார். விலங்கு வந்தாலும், மயில் சுள்ளியை முறித்தாலும், காற்று சருகை அசைத்தாலும் அச்சம் எழுந்தது. நடந்துகொண்டிருக்கையில் வந்தால் அது அடங்கும்வரை நடந்தார், உட்காரவோ படுக்கவோ இல்லை. உட்கார்ந்திருக்கையில் வந்தால் உட்கார்ந்தே இருந்தார். இதை அப்படியே கடைப்பிடிக்கலாம். உண்மையான ஆபத்து இல்லை என்று ஒருமுறை பார்த்து உறுதிசெய்துகொண்டு, பிறகு நிலையை மாற்றாமல் மூச்சைக் கவனியுங்கள். அச்சம் உடலில் எங்கே பிடிக்கிறது, எப்படி ஏறி எப்படி இறங்குகிறது என்பது தெரியும்.

இரண்டாம் நாள் பகல் அதைவிடக் கடினம். பையை நான்கு முறை அடுக்குவீர்கள். வரைபடத்தை எடுத்து, அருகில் ஒரு சிகரம் இருப்பதைக் கண்டுபிடிப்பீர்கள். நான்காம் நூற்றாண்டில் எகிப்தியப் பாலையில் வாழ்ந்த துறவி எவாக்ரியுஸ் இந்த நிலையைத் துல்லியமாக விவரித்திருக்கிறார்: சூரியன் நகராததுபோல் தோன்றும், துறவி அறையிலிருந்து எட்டிப் பார்த்தபடியே இருப்பார், வேறு இடம் போனால் நன்றாயிருக்கும் என்று படும். இடத்தை விட்டு அகலாதிருப்பதே அந்தப் பாலைத் துறவிகள் கண்ட மருந்து. அதனால் புத்தகம் கொண்டுபோகாதீர்கள், போனை அணைத்துப் பையின் அடியில் வையுங்கள். கூடாரத்தைச் சுற்றி முப்பதடி எல்லை வகுத்து, தண்ணீருக்கும் கல்லுக்கும் ஒதுங்குவதற்கும் தவிர அதைத் தாண்டாதீர்கள்.

விடியலிலும் அந்தியிலும் ஒரே மரத்தடியில் ஒரு மணி நேரம் அசையாமல் உட்காருங்கள். நீங்கள் வந்ததும் பறவைகள் அடங்கிவிடும். பத்து, இருபது நிமிடம் கழித்து மறுபடி பேசத் தொடங்கும். மூன்றாம் நாளில் அவை அடங்கும் நேரமே குறையும். அப்போதுதான் பல நாளாகத் தள்ளிவைத்த கேள்விகளும் வந்து உட்காரும். அவற்றுக்கு அங்கேயே விடை எழுத முயல வேண்டாம், கேள்வியை மட்டும் ஒரு வரியில் குறித்துக்கொள்ளுங்கள்.

வழி தவறினால் நில்லுங்கள். 2009இல் மேக்ஸ் பிளாங்க் நிறுவன ஆய்வாளர்கள் ஜெர்மானியக் காட்டிலும் துனீசியப் பாலையிலும் ஆட்களை நடக்கவிட்டுப் பார்த்தார்கள். சூரியனோ நிலவோ தெரியாதபோது, நேராகப் போவதாக நம்பியவர்கள் வட்டமடித்தார்கள். மூடுபனியில் நடந்து தேடுவது வீண். நிமிடத்துக்கு ஆறு முறை விசில், ஒரு நிமிட இடைவெளி, மீண்டும் ஆறு. ஆல்ப்ஸ் மலையேறிகளின் அபாய அழைப்பு இதுதான். நிமிடத்துக்கு மூன்று முறை விசில் கேட்டால் உங்களுக்குப் பதில் வந்துவிட்டது.

திரும்பும் நாளில் நேரடியாக வண்டி ஓட்டிக்கொண்டு ஊர் சேரத் திட்டமிடாதீர்கள், அன்றிரவு வழியிலேயே தங்குங்கள். தூக்கம் குறைந்த கண்ணும், வேகத்துக்குப் பழக்கம் விட்டுப்போன கவனமும் சாலைக்குப் போதாது. உபவாசம் இருந்தவர் கஞ்சிபோல் இளகியதைச் சிறிது சிறிதாகச் சாப்பிடட்டும். காட்டின் எல்லை தாண்டியதும் முதல் வேலையாக, தாளை யாரிடம் கொடுத்தீர்களோ அவரிடம் திரும்பிவிட்டதைச் சொல்லுங்கள். பிறகு போனை மறுபடி அணைத்துவிட்டு, குறிப்பேட்டில் இருக்கும் அந்தக் கேள்விகளுக்கு அன்றிரவை ஒதுக்குங்கள்.