அமெரிக்க நடுத்தர வர்க்கம்: எப்படி ஏறியது, எங்கே சறுக்கியது

பியூ ஆய்வு மையத்தின் கணக்குப்படி, நாட்டின் இடைநிலைக் குடும்ப வருமானத்தில் (குடும்பங்களை வருமானப்படி வரிசைப்படுத்தினால் நட்டநடுவில் வருவது) மூன்றில் இரண்டு பங்கு முதல் இரு மடங்கு வரை ஈட்டுபவர்களே நடுத்தர வர்க்கம். 1971இல் பெரியவர்களில் 61 சதவீதம் பேர் இதற்குள் இருந்தார்கள். 2021இல் 50 சதவீதம். வெளியேறியவர்கள் எல்லாரும் கீழே விழவில்லை, மேலே போனவர்கள்தான் அதிகம். ஆகவே தலைகளை எண்ணுவதைவிட வருமானப் பங்கைப் பார்ப்பதே சரி: மொத்தக் குடும்ப வருமானத்தில் நடுத்தர வர்க்கத்தின் பங்கு 1970இல் 62 சதவீதம், 2020இல் வெறும் 42.

ஏற்றம் தானாக வரவில்லை. 1935 வாக்னர் சட்டம் தொழிற்சங்கங்களுக்குப் பேரம் பேசும் பலம் தந்தது. 1938இல் குறைந்தபட்சக் கூலியும், கூடுதல் நேரத்துக்கு ஒன்றரை மடங்குச் சம்பளமும் சட்டமாயின. 1944இன் ஜிஐ சட்டம் போர் வீரர்களுக்குப் படிப்பும் வீட்டுக்கடனுக்கு அரசின் உத்தரவாதமும் கொடுத்தது. (கறுப்பினத்தவர் குடியிருப்புகளுக்கு அரசின் கடன் உத்தரவாதம் பெரும்பாலும் மறுக்கப்பட்டதைச் சொல்லாமல் விட்டால் கதை பொய்யாகிவிடும்.)

சறுக்கலுக்குச் சீன இறக்குமதியை மட்டும் கைகாட்டுவது சோம்பேறித்தனம். ஐம்பதுகளில் தொழிலாளர்களில் மூவரில் ஒருவர் சங்கத்தில் இருந்தார்; இப்போது பத்தில் ஒருவர். கூட்டாட்சிக் குறைந்தபட்சக் கூலி 2009இலிருந்து மணிக்கு 7.25 டாலரிலேயே நிற்கிறது. விலைவாசி நிற்கவில்லை.

அதிகம் பேசப்படாதது ஓய்வூதியம். முன்பு நிறுவனம் ஆயுள் முழுக்க மாதத் தொகை தந்தது, சந்தை சரிந்தால் நஷ்டம் அதன் தலையில். தொழிலாளி தன் சம்பளத்திலிருந்து சேமித்து முதலீடு செய்யும் ஓய்வுக்காலக் கணக்கான 401(கே) வந்தபின் அந்த நஷ்டம் தொழிலாளியுடையது. வேலை போய், 59½ வயதுக்கு முன் பணத்தை எடுத்தால், வருமான வரியோடு பொதுவாக 10 சதவீத அபராதமும் உண்டு.