பேர் மட்டும் போடாதீங்க

பத்திரிகையில் வீடு ஒரு பக்கம், வேலை ஒரு பக்கம். குடியிருப்புச் செய்தி நகரப் பக்கத்துக்குப் போகும், தொழிலாளர் செய்தி வணிகப் பக்கத்தின் ஓரத்தில் ஒண்டிக்கொள்ளும். இரண்டையும் நானே எழுத ஆரம்பித்த பிறகுதான், பல இடங்களில் இது ஒரே செய்தி என்பது உறைத்தது. முதலாளி கொடுத்த அறையில் தங்கியிருப்பவருக்கு வேலை போனால் கூரையும் போய்விடும். அவர் கூலி பாக்கியைப் பற்றி எப்படி வாய் திறப்பார்?

இந்தச் சிக்கலை எப்போதோ யோசித்திருக்கிறார்கள். தொழிலாளருக்கு முதலாளியே நேரடியாக வீடு கொடுப்பது பொதுவாக விரும்பத்தக்கதல்ல என்று சர்வதேசத் தொழிலாளர் அமைப்பின் 115-ஆம் பரிந்துரை 1961-லேயே சொல்லிவிட்டது. ஊரைவிட்டு வெகுதூரத்தில் நடக்கும் வேலை, கூப்பிட்டவுடன் வர வேண்டிய வேலை போன்றவற்றுக்கு விலக்கு உண்டு. பரிந்துரைதானே, யாரையும் கட்டுப்படுத்தாது.

தொழிலாளர் விடுதிக்குப் போனால் நான் முதலில் கேட்பது சம்பளச் சீட்டை. கண்ணீர்க் கதையை யார் வேண்டுமானாலும் மறுக்கலாம், சீட்டை மறுப்பது கஷ்டம். அடிப்படைச் சம்பளத்தை விட்டுவிட்டு நேராகப் பிடித்தம் பகுதிக்குப் போவேன். தங்குமிடம், மின்சாரம், அப்புறம் 'பராமரிப்பு' என்று பொத்தாம்பொதுவாக ஒன்று. ஒரே அறையில் படுப்பவர்களின் சீட்டுகளைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால்தான் விஷயம் வெளியே வரும். ஒரு விடுதியில் அறையின் முழு வாடகையை, அதில் இருந்த ஒவ்வொருவரிடமும் தனித்தனியாகப் பிடித்திருந்தார்கள். தனிச் சீட்டாகப் பார்த்தால் ஒரு தப்பும் தெரியாது. அதே சர்வதேசத் தொழிலாளர் அமைப்பின் 1949 ஊதியப் பாதுகாப்பு உடன்படிக்கைப்படி, பிடித்தத்துக்குச் சட்டமோ கூட்டு ஒப்பந்தமோ நடுவர் தீர்ப்போ அடிப்படையாக இருக்க வேண்டும். எது என்று நிர்வாகத்திடம் கேட்டால் பெரும்பாலும் "எல்லாரும் சம்மதிச்சுதான் இருக்காங்க" என்பார்கள்.

காலி செய்யச் சொல்லும் நோட்டீஸில் தேதியைப் பார்ப்பேன். வேலைநீக்கக் கடிதத்துக்கும் அதே தேதி என்றால் அதுவே பாதிச் செய்தி. ஆட்களின் சம்மதம் இல்லாமல் இரவிலோ மோசமான வானிலையிலோ வெளியேற்றக் கூடாது என்று ஐ.நா.வின் பொருளாதார, சமூக, பண்பாட்டு உரிமைகள் குழு 1997-இல் தன் 7-ஆம் பொதுக் கருத்துரையில் சொல்லியிருக்கிறது. அதனால் எந்த நாள் என்பதோடு எத்தனை மணிக்கு என்றும் கேட்டுக் குறித்துக்கொள்வேன்.

"எல்லாம் எழுதுங்க, பேர் மட்டும் போடாதீங்க" என்று சொல்லாதவர்கள் குறைவு. பேரை மறைப்பது சுலபம், படம்தான் ஆளைக் காட்டிக்கொடுக்கும். முகத்தை மங்கலாக்கிவிட்டு, பின்னால் கொடியில் தொங்கும் சட்டையை அப்படியே விட்டுவிடுவார்கள். மேற்பார்வையாளருக்கு அந்தச் சட்டை போதும். ஆசிரியர் குழுவோடு எனக்குச் சண்டை வருவதெல்லாம் இதில்தான். செய்தி வந்த மறுநாள் நிர்வாகத்திலிருந்து போன் வரும். கணக்கைப் பற்றி ஒரு வார்த்தை இருக்காது, "சீட்டை யார் கொடுத்தது?" என்றுதான் ஆரம்பிப்பார்கள். அதற்காகவே ஒரே அறையோடு நிற்காமல், பல அறைகளில் சீட்டு வாங்கிய பிறகே எழுத உட்காருகிறேன்.