மயாமி கடலில் 22 கார்கள்

மயாமி பீச் கடற்கரையிலிருந்து நீந்திப் போகிற தூரத்தில், ஏறக்குறைய இருபதடி ஆழத்தில் 22 கார்கள் நிற்கின்றன. எல்லாம் கான்கிரீட் சிற்பங்கள், எல்லாம் நிஜ கார் அளவு, மேலே பவளம் வளர்ப்பதற்காக. 2025 அக்டோபரில் பார்ஜில் ஏற்றிக்கொண்டு போய் கிரேனால் ஒவ்வொன்றாக இறக்கினார்கள். நான் ஃபோர்ட் லாடர்டேல் பக்கம் கான்கிரீட் சோதிக்கும் லேபில் வேலை செய்கிறவள். கான்கிரீட் சிலிண்டர்களை நசுக்கி, எத்தனை பிஎஸ்ஐ அழுத்தம் தாங்கியது என்று எழுதிக் கொடுப்பதுதான் பிழைப்பு. அதனால் இந்தச் செய்தியைப் படித்தபோது கலைக்கு முன்னால் கலவைதான் ஞாபகம் வந்தது. என்ன சிமெண்ட் போட்டிருப்பார்கள்?

சாதாரண போர்ட்லாண்ட் சிமெண்ட் கான்கிரீட்டின் மேற்பரப்பில் காரத்தன்மை அதிகம். புதிதாக வார்த்த கட்டியைக் கடலில் போட்டால் பவள லார்வாக்கள் கொஞ்ச காலம் அண்டாது. இவர்கள் பிஎச் நடுநிலையான, அதாவது காரமும் அமிலமும் தூக்கலாக இல்லாத, கடலுக்கென்றே தயாரித்த கான்கிரீட்டைப் பயன்படுத்தியிருக்கிறார்கள். சரி, விஷயம் தெரிந்தவர்கள் கூட இருக்கிறார்கள் என்று தோன்றியது.

இதையெல்லாம் கூட்டிச் சேர்த்தவர் ஹிமேனா கமினோஸ் என்கிற அர்ஜென்டினா க்யூரேட்டர், கலைக் காட்சிகளைத் தேர்ந்து அமைக்கிறவர். முன்பு ஃபேனா ஆர்ட் அமைப்பை நடத்தியவர். மயாமி பீச்சில் ஃபேனா ஹோட்டல் பக்கம் போனவர்களுக்குத் தெரியும், கண்ணாடிப் பெட்டிக்குள் டேமியன் ஹர்ஸ்ட் என்ற கலைஞர் தங்கமுலாம் பூசி நிறுத்திய மாமத யானை எலும்புக்கூடு இருக்கும். அந்த உலகத்து ஆள் கடலுக்குள் இறங்கியது எனக்குக் கொஞ்சம் ஆச்சரியம்தான். இப்போது ப்ளூலேப் பிரிசர்வேஷன் சொசைட்டி என்று ஒரு அமைப்பு வைத்திருக்கிறார். அதன் திட்டம்தான் ரீஃப்லைன்: மயாமி பீச் ஓரமாகவே ஏழு மைல் நீளத்துக்குக் கடலடிச் சிற்பப் பூங்கா. மாஸ்டர் பிளான் போட்டது ஓஎம்ஏ கட்டடக்கலை நிறுவனத்தின் ஷோஹெய் ஷிகேமட்சு.

கார்கள் லியாண்ட்ரோ எர்லிக் என்ற கலைஞரின் வேலை. அவரும் அர்ஜென்டினாக்காரர்தான். 2019 டிசம்பரில் இதே கடற்கரையில், லிங்கன் ரோடு முடிகிற இடத்தில், 66 மணல் கார்களை டிராஃபிக் ஜாமில் மாட்டிக்கொண்டதுபோல் நிறுத்தினார். அதையும் கமினோஸ்தான் க்யூரேட் செய்தார். என்னைக் கேட்டால் கலையாக அந்த மணல் கார்கள்தான் ஒசத்தி. கண்ணெதிரே உதிர்ந்துகொண்டிருந்தன, சொல்ல வந்ததும் அதுவே. கான்கிரீட் கார் அந்த ஜோக்கைத் திரும்பச் சொல்கிறது. ஆனால் இதற்கு வேறு வேலையும் இருக்கிறது.

தூத்துக்குடியில் வள்ளத்துக்குப் போன என் சித்தப்பாவிடம் போனில் இதைச் சொன்னேன். "ஏட்டி, கார் பொம்மையப் பாக்க மீனு டிக்கெட்டு எடுத்துட்டு வருமா?" என்று சிரித்தார். அப்புறம் அவரே, "மீனுக்கு என்ன, நிழலும் பொந்தும் இருந்தா வந்து ஒட்டிக்கிடும்" என்றார். சரியாகத்தான் சொன்னார். எங்கள் ஊருக்கு எதிரே வான் தீவு இருக்கிறது. பல ஆண்டுகள் சுற்றிலும் பவளப்பாறையை வெட்டி எடுத்ததில் அலைக்குத் தடுப்பு போய், தீவு கரைந்து, மறைந்தே போகும் நிலைக்கு வந்துவிட்டது. மன்னார் வளைகுடாவில் விலாங்குசல்லி, பூவரசன்பட்டி என்று இரண்டு தீவுகள் ஏற்கெனவே தண்ணீருக்குள் போய்விட்டன. 2015க்குப் பிறகு சுகந்தி தேவதாசன் கடல் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் துளை போட்ட சரிவகக் கான்கிரீட் கூடுகளை ஆயிரக்கணக்கில் வான் தீவைச் சுற்றி இறக்கின. அலை தணிந்து மணல் சேர்ந்தது, கூடுகளில் பவளமும் மீனும் வந்தன. பார்க்க ஒரு அழகும் கிடையாது. தூத்துக்குடியிலேயே பாதிப் பேருக்கு இந்த விஷயம் தெரியாது.

மயாமியில் நடந்தது வேறு. 2022 நவம்பரில் மயாமி பீச் வாக்காளர்கள் கலை, கலாசாரத்துக்கென்று 159 மில்லியன் டாலர் கடன் பத்திரத்துக்கு ஓட்டுப் போட்டு ஒப்புதல் கொடுத்தார்கள். அதில் 5 மில்லியன் ரீஃப்லைனுக்கு. தங்கள் சொத்துவரியிலிருந்து அடைக்க வேண்டிய கடன் அது, தெரிந்தேதான் ஓட்டுப் போட்டார்கள். 'செயற்கைப் பாறை அமைக்கப் பணம் வேண்டும்' என்று ஒரு கடல் உயிரியலாளர் கேட்டிருந்தால் இது நடந்திருக்கும் என்று நான் நம்பவில்லை. மீனுக்குக் கார் தேவையில்லை. காரைப் பார்த்து ஓட்டுப் போடுகிறவர்களுக்குத்தான் தேவை. க்யூரேட்டர் இங்கே செய்த வேலையில் பெரும்பகுதி கரையில் நடந்தது என்றுதான் நான் புரிந்துகொள்கிறேன்.

தண்ணீருக்குள்ளான வேலை காலின் ஃபூர்டுடையது. கோரல் மார்ஃபாலஜிக் என்ற அமைப்பை நடத்தும் கடல் உயிரியலாளர். மயாமி துறைமுகத்தில் கடலுக்கடியில் ஒரு கேமரா வைத்து 2020லிருந்து நேரலை காட்டிக்கொண்டிருப்பவர். இரவு தூக்கம் வராவிட்டால் நான் அதைத்தான் பார்ப்பேன். கார்களின் மேல் பொருத்துவதற்காக இரண்டாயிரத்துக்கு மேற்பட்ட பவளங்களை வளர்ப்பதும் அவர்தான்.

சந்தேகப்படவும் இந்தக் கடற்கரையில் காரணம் உண்டு. என் லேபிலிருந்து கொஞ்ச தூரத்தில்தான் ஆஸ்போர்ன் ரீஃப். 1972இல் மீனுக்கு வீடு கட்டுகிறோம் என்று சுமார் இருபது லட்சம் பழைய டயர்களைக் கட்டுக் கட்டாகக் கடலில் போட்டார்கள். குட்இயர் டயர் கம்பெனியின் ஆகாயக்கப்பலிலிருந்து தங்கநிறம் பூசிய டயரைப் போட்டுத் தொடங்கி வைத்தார்கள்! கட்டிய இரும்பு துருப்பிடித்து அறுந்தது. ரப்பரில் பவளம் ஒட்டவில்லை. புயலில் டயர்கள் உருண்டு பக்கத்திலிருந்த நல்ல பாறையையும் மோதி உடைத்தன. ராணுவ முக்குளிப்பவர்களை இறக்கி அள்ளியும் இன்னும் தீரவில்லை. அதனால் கடலில் எதைப் போட்டாலும் எனக்கு முதல் கேள்வி, அது நகராமல் கிடக்குமா என்பதுதான். கான்கிரீட் காருக்கு அந்த எடை இருக்கிறது. டயரோடு இதைச் சேர்த்துப் பேசுவது நியாயமில்லை.

என் கவலை, பவளம் தாங்காத கடல் சூடுதான். 2023 ஜூலையில் ஃப்ளோரிடாவின் மனாட்டீ பேயில் ஒரு கருவி 101.1 டிகிரி ஃபாரன்ஹீட் காட்டியது. நம் கணக்கில் 38 செல்சியஸுக்கு மேல். அந்தக் கோடையில் நர்சரியில் வளர்த்த பவளங்களைக் கடலிலிருந்து அவசர அவசரமாக எடுத்துக் கரைத் தொட்டிகளுக்கு மாற்ற வேண்டியிருந்தது. எந்தச் சிற்பமும் கடலைக் குளிர்விக்காது. எத்தனை பேர் முக்குளித்துப் பார்த்தார்கள் என்று அறிக்கை வரும்போது, எத்தனை பவளம் கோடையைத் தாண்டியது என்ற எண்ணையும் அதே பக்கத்தில் போட வேண்டும். ஓட்டுப் போட்டவர்கள் அதைக் கேட்டு வாங்க வேண்டும்.

அடுத்து பெட்ராக் செஸ்டி என்ற கலைஞரின் நீலத்திமிங்கில இதயச் சிற்பம் இறங்கப் போகிறது. கார்லோஸ் பெத்தன்கோர்ட், ஆல்பெர்டோ லத்தோரே இருவரும் செய்கிற நட்சத்திரமீனும் வரிசையில் இருக்கிறது. எனக்கு இதயத்தின் மேல்தான் ஆசை. அறையும் குழாயுமாகப் பொந்துக்குப் பஞ்சம் இருக்காது. அத்தனை வளைவுகளுக்கு எப்படி அச்சு கட்டுகிறார்கள் என்று யாருக்காவது தெரிந்தால் கமெண்டில் எழுதுங்கள்.