இரண்டு பட்டறைகள், ஒரே லாட் எண்

திருப்பூரில் ஒரு பனியன் துணி ரோல் தையல் மேசைக்கு வந்து சேர்வதற்குள் எத்தனை பேரிடம் எத்தனை எண்களைப் பெறுகிறது என்பது, இத்தொழிலுக்கு மென்பொருள் எழுதுபவர்களுக்குத்தான் முழுமையாகத் தெரியும். நூல் கொடுத்த மில்லின் லாட் எண், அதாவது ஒரே தடவையில் தயாரான தொகுதியின் எண், ஒன்று இருக்கும்; நிட்டிங் செய்தவர் ரோலின் ஓரத்தில் மார்க்கரால் தம் எண்ணை எழுதியிருப்பார்; சாயப்பட்டறை தன் கணக்கில் ஒரு லாட் எண்ணை இடும்; துணி பின்னர் சுருங்காதபடி அழுத்தும் காம்பாக்டிங் முடிந்து திரும்பும்போது, உடன் வரும் டெலிவரி சலானில் (டிசி) வேறோர் எண் இருக்கும். ஒவ்வொன்றும் அதை இட்டவரின் நோட்டுக்குள் குழப்பமில்லாத எண்தான். அந்த நோட்டுகளையெல்லாம் ஒரே தரவுத்தளத்தில் கொண்டுவந்து சேர்க்கும்போதுதான் வில்லங்கம் தொடங்குகிறது.

நான் பணிபுரிந்த ஏற்றுமதி நிறுவனம் ஒன்றில், பெருந்துறைப் பக்கத்துப் பட்டறை ஒன்றும் வீரபாண்டிப் பக்கத்துப் பட்டறை ஒன்றும் ஒரே வாரத்தில் 214 என்ற லாட் எண்ணில் நேவி நிறத் துணியை அனுப்பியிருந்தன. கணினியில் இரண்டும் ஒரே லாட்டாகத் தெரிந்ததால், கட்டிங் மேசையில் அவை ஒன்றன்மேல் ஒன்றாக விரிக்கப்பட்டன. ஒரு சட்டையின் உடலும் கையும் ஒரே லாட்டிலிருந்து வெட்டப்பட வேண்டும் என்பது இத்தொழிலின் அரிச்சுவடி. இல்லையென்றால், குழல்விளக்கில் கண்ணுக்குப் படாத ஷேடு வேறுபாடு வெயிலில் பளிச்சென்று தெரிந்துவிடும். கட்டிங் மேற்பார்வையாளர் என்னிடம் கேட்டது நினைவில் இருக்கிறது: “ஏனுங்க தம்பி, பட்டறைக்காரங்க போட்ட நம்பரு அப்படியேதானுங்க இருக்குது, அதுல என்னங்க தப்பு?” அவர் கேட்டதில் நியாயம் இருந்தது. எண்ணில் தவறில்லை. அந்த எண் யாருடைய எல்லைக்குள் செல்லுபடியாகும் என்ற செய்தியைத்தான் நிரல் எங்கும் பதிவு செய்திருக்கவில்லை.

கொங்கு நாட்டில் பாட்டன் பெயரைப் பேரனுக்கு வைக்கும் வழக்கத்தால் ஓர் ஊரிலேயே நான்கைந்து பழனிச்சாமிகள் இருப்பார்கள். ஆயினும் யாரும் குழம்புவதில்லை. ஊரைச் சொல்லி, தோட்டத்துப் பெயரைச் சொல்லி, பிறகு ஆளின் பெயரைச் சொன்னால் ஒருவர்தான் நிற்பார். ஒரு தோட்டத்துக்குள் பெயர் வைக்க அடுத்த தோட்டத்தாரைக் கேட்க வேண்டியதும் இல்லை. பன்னாட்டுத் தொலைத்தொடர்பு ஒன்றியமும் பன்னாட்டுத் தரநிர்ணய அமைப்பும் சேர்ந்து வகுத்த ஆப்ஜெக்ட் ஐடென்டிஃபையர், சுருக்கமாக ஓஐடி, என்னும் அடையாள எண்ணும் இதே முறையில்தான் இயங்குகிறது. மரம்போலக் கிளைத்துச் செல்லும் இந்த எண்களின் வேரில் 0, 1, 2 என்று மூன்றே கிளைகள் உள்ளன. ஒவ்வொரு கிளைக்கும் உரியவர் தமக்குக் கீழே எண்களை வழங்குவார். அதைப் பெற்றவர் தமக்குக் கீழே வழங்குவார். உலகம் முழுவதற்குமான பொதுப் பதிவேடு எதையும் புரட்டிப் பார்க்காமலே ஒவ்வோர் எண்ணும் தனித்ததாக அமைந்துவிடுகிறது.

இதை நான் கற்றது புத்தகத்தில் அன்று, அவிநாசி வட்டாரத்தில் ஒரு நூற்பாலையின் சர்வர் அறையில். மின்வெட்டின்போது யூபிஎஸ் மின்கலத்தில் எத்தனை விழுக்காடு மீதமிருக்கிறது என்பதைத் தொலைவிலிருந்து அறிய வேண்டியிருந்தது. அதற்காக அந்தக் கருவியிடம் கேட்க வேண்டிய எண் 1.3.6.1.2.1.33.1.2.4.0. முதல் 1 தரநிர்ணய அமைப்பைக் குறிக்கிறது. 3 அது அடையாளம் கண்ட நிறுவனங்களை. 6 அமெரிக்கப் பாதுகாப்புத் துறையை. அடுத்த 1 இணையத்தை. இணையம் அத்துறையின் ஆராய்ச்சித் திட்டத்திலிருந்து வளர்ந்ததன் தழும்பு இது; அவிநாசியில் இருக்கும் ஒரு யூபிஎஸ்ஸை விசாரிப்பதற்கும் அந்த 6-ஐக் கடந்துதான் செல்ல வேண்டும். அடுத்து வரும் 2 மேலாண்மைக் கிளை, அதன் கீழுள்ள 1 பொதுத் தகவல் தொகுதி. 33 என்பது யூபிஎஸ் கருவிகளுக்கென 1994-இல் வரையறுக்கப்பட்ட பிரிவு. அதற்குள் 1 கருவியின் பொருள்கள், 2 மின்கலம், 4 மீதமுள்ள மின்னேற்றம். கடைசி 0, இது ஒற்றை மதிப்பு, பட்டியலின் வரிசை அன்று என்று சொல்கிறது. அந்த 0-ஐ விட்டுவிட்டுக் கேட்டால் கருவி மதிப்பைத் தராது.

பதினொரு எண்கள் கொண்ட இந்தத் தொடர் கம்பியில் செல்லும்போது பத்து பைட்டுகளில் அடங்கிவிடுகிறது. முதல் எண்ணை 40-ஆல் பெருக்கி இரண்டாவதைக் கூட்டி, 43 என்று ஒரே பைட்டாக அனுப்புகிறார்கள். வேரில் மூன்றே கிளைகள் என்பதாலும், முதல் இரண்டு கிளைகளின் கீழே 39-க்கு மேல் எண் இல்லை என்பதாலும் இந்தச் சிக்கனம் இயலுகிறது. பைட்டு விலை உயர்ந்ததாக இருந்த காலத்தின் கணக்கு. பார்க்கும்போது எனக்கு இன்றும் மகிழ்ச்சி தருகிறது.

நிறுவனங்கள் தமக்கென எண் பெற 1.3.6.1.4.1 என்ற கிளை இருக்கிறது. அதில் சிஸ்கோவுக்கு 9, மைக்ரோசாஃப்டுக்கு 311, ஏபிசி என்னும் யூபிஎஸ் நிறுவனத்துக்கு 318. ஏபிசியை 2007-இல் ஷ்னைடர் எலெக்ட்ரிக் வாங்கியது. பெயர்ப்பலகையும் உரிமையாளரும் மாறிய பின்னும் அக்கருவிகள் 318-இன் கீழேதான் பதில் சொல்கின்றன. நம் ஊரில் நிறுவனம் கைமாறினால் முதலில் மாற்றப்படுவது கோடுகள் (code) எனப்படும் குறியீட்டு எண்கள்தாம். ஆடை வடிவத்துக்கு இடும் ஸ்டைல் எண்ணுக்குள் பருவம், வாங்குபவர், நிறம் எல்லாவற்றையும் திணித்து வைத்திருப்பார்கள். வாங்குபவர் கடைசி நேரத்தில் நேவியைக் கருப்பாக மாற்றினால், கோடு பொய் சொல்லத் தொடங்கும், அல்லது கோடை மாற்றிப் பழைய ஆவணங்களை அநாதையாக்க வேண்டும். ஆர்டர்களைக் கவனிக்கும் மெர்ச்சண்டைசர்களுக்கு அத்தகைய கோடு பார்த்தவுடன் புரிவதால் அதைக் கைவிட மனம் வராது. அவர்களிடம் நான் வாதிட்டு வென்றதும் இல்லை. அந்தக் கோடு திரையில் இருக்கட்டும், தரவுத்தள அட்டவணைகளை இணைக்கும் சாவியாக மட்டும் இருக்க வேண்டாம் என்ற அளவில் உடன்பாடு ஏற்பட்டது.

லாட் சிக்கலுக்கு நாங்கள் கண்ட தீர்வு ஓஐடியின் எளிய நகல்தான்: பட்டறைக்கு எங்கள் பதிவேட்டில் ஓர் எண், ஆண்டு, அதன் பிறகே பட்டறை இட்ட லாட் எண். ஒரு பட்டறை மூடப்பட்டாலும் அதன் எண் வேறொருவருக்கு ஒருபோதும் வழங்கப்படாது. இடையில் ஓர் இளம் நிரலாளர், ஒவ்வொரு ரோலுக்கும் யூயுஐடி கொடுத்துவிடலாமே என்றார். 128 பிட்டுகளில் 122 பிட்டுகளைக் குருட்டாம்போக்காகத் தேர்ந்துகொள்ளும் அந்த வகை எண், யாரையும் கேட்காமலே தனித்து நிற்கும் என்பது உண்மைதான். நடைமுறையில் இரண்டு மோதுவதற்கான வாய்ப்பு அற்பம். ஆனால் நான்கு இணைப்புக்குறிகளோடு முப்பத்தாறு எழுத்துகளில் விரியும் அதைச் சாயப்பட்டறை இரைச்சலில் கைப்பேசியில் படித்துச் சொல்ல எவராலும் முடியாது. ரோலில் ஒட்டும் கியூஆர் சீட்டுக்குள் அதை வைத்தோம்; மனிதர் வாயில் புழங்குவதற்குப் பட்டறை எண்ணோடு கூடிய சிறிய எண்ணை வைத்தோம். மற்றபடி, சீட்டு மாறி ஒட்டப்பட்டால் எந்த அடையாள எண்ணும் காப்பாற்றாது. அது வேறு கதை.

வரிசைப்படுத்துவதில் மட்டும் கவனம் தேவைப்பட்டது. புள்ளிகளால் பிரித்த எண்தொடரை வெறும் எழுத்தாகக் கருதினால் கணினி 10-ஐ 2-க்கு முன் வைத்துவிடும். ஒவ்வொரு பகுதியையும் முழு எண்ணாகப் பிரித்து ஒப்பிட வேண்டும்.

கணக்குப் பிரிவில் நிலைமை முற்றிலும் வேறு. கணக்காளர் தம் யூஎஸ்பி டோக்கனால் கையொப்பமிடும் டிஜிட்டல் சான்றிதழைத் திறந்தால் அங்கும் 2.16.356.100 என்று தொடங்கும் ஓஐடி தென்படும். 356 இந்தியாவின் நாட்டு எண். ஆனால் அவர் நாள்தோறும் கையாளும் இ-இன்வாய்ஸின், அதாவது அரசு இணையதளத்தில் பதியும் பில்லின், அடையாள எண்ணான ஐஆர்என் அப்படி யாரும் வழங்கிய எண் அன்று. விற்பவரின் ஜிஎஸ்டி எண், நிதியாண்டு, ஆவண வகை, ஆவண எண் ஆகியவற்றை ஹேஷ் செய்து, அதாவது ஒரு கணித முறையில் இட்டுக் குறுக்கி, பெறும் 64 எழுத்துத் தொடர் அது. 2023 ஆகஸ்ட் 1 முதல் ஆண்டு விற்றுமுதல் 5 கோடி ரூபாயைத் தாண்டிய நிறுவனங்களுக்கும் இது கட்டாயமானதால், திருப்பூரின் நடுத்தர யூனிட்டுகள் பலவும் இதற்குள் வந்துவிட்டன. அதே நான்கு தகவல்களைத் தந்தால் அதே எண்தான் வரும்; ஆகவே ஒரு பில்லை இருமுறை பதிய இயலாது. ரத்து செய்த பில்லின் எண்ணை மீண்டும் பயன்படுத்தவும் வழியில்லை.

உள்ளடக்கத்திலிருந்து அடையாளத்தை உருவாக்கும் இந்த முறையில், எது ஒன்று எது வேறு என்பதை முன்கூட்டியே முடிவு செய்தாக வேண்டும். ஆவண எண்ணில் ஓர் ஆங்கில எழுத்தைச் சிறியதாக இட்டாலே ஹேஷ் முழுவதும் மாறிவிடும் என்பதால், 2025 ஜூன் 1 முதல் அரசு இணையதளம் எல்லாவற்றையும் பெரிய எழுத்தாக மாற்றிய பிறகே கணக்கிடுகிறது. எங்கள் மென்பொருளிலும் பில் எண் பதியும் இடத்தில் அந்த மாற்றத்தைச் செய்துவிட்டேன். வாங்குபவர்களின் ஸ்டைல் எண்ணுக்கு மட்டும் அதைப் பொருத்தவில்லை. அவர்கள் கணினியில் சிறிய எழுத்தும் பெரிய எழுத்தும் இன்னும் வேறு வேறாகவே இருக்கக்கூடும், அவற்றை ஒன்றாக்கும் உரிமை எங்களுக்கு இல்லை.